நாயர் சேர்த்த டப்பாக்கள்

புனேயில் ஆட்டோக்காரரிடம் ஃபிலிம் ஆர்கைவ் போக வேண்டும் என்றால், கொண்டுபோய் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் வாசலில் இறக்கிவிடுகிறார். பெரிய பிசகில்லை. இரண்டும் லா காலேஜ் ரோட்டில்தான் இருக்கின்றன, நடக்கிற தூரம். பி.கே. நாயரின் தடம் பிடித்து வந்தவனுக்கு இதுதான் சரியான வரிசையும்கூட. 1961-இல் அவர் ஆராய்ச்சி உதவியாளராக வேலைக்குச் சேர்ந்தது இந்த இன்ஸ்டிட்யூட்டில்தான். தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் என்ற ஒன்று அப்போது கிடையாது. அது 1964 பிப்ரவரியில் வந்தது. மறு ஆண்டு நாயர் அதன் உதவிக் காப்பாளர் ஆனார், 1982-இல் இயக்குநர், 1991-இல் ஓய்வு. உத்தியோக வரலாறு இவ்வளவுதான். ஆனால் அவர் எழுந்து போனபோது காப்பகத்தில் சுமார் 12,000 படங்கள் இருந்தன, அவற்றில் ஏறக்குறைய 8,000 இந்தியப் படங்கள்.

காவலாளி என் கடிதத்தைப் புரட்டிப் பார்த்தார். அது காப்பகத்துக்கான அனுமதி, இந்த வளாகத்துக்குச் செல்லாது. மாமரம் வரை போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுங்கள் என்று இந்தியில் சொன்னார். மாணவர்கள் ஞான மரம் என்று பெயர் வைத்திருக்கும் அந்த மரத்தடியில்தான் ரித்விக் கட்டக் உட்கார்ந்து பாடம் நடத்தினார் என்பார்கள். எனக்கு மரத்தைவிட அதற்கு அப்பால் தெரிந்த உயரமான கொட்டகைகள்தான் முக்கியம். பிரபாத் ஸ்டூடியோவின் தளங்கள் அவை. கோலாப்பூரில் தொடங்கிய பிரபாத் நிறுவனம் 1933-இல் புனேக்குக் குடிவந்து 'சந்த் துக்காராம்' போன்ற படங்களை எடுத்தது. தமிழிலும் 'சீதா கல்யாணம்' எடுத்தது, வீணை எஸ். பாலசந்தர் சிறு பையனாகத் தலைகாட்டிய படம். 1934-க்கு முன்னால் மதராஸில் ஒலிப்பதிவு வசதியுள்ள ஸ்டூடியோவே இல்லை. நம் ஆரம்பகாலப் பேசும் படங்கள் பம்பாயிலும் கல்கத்தாவிலும் இந்த மராட்டிய ஊர்களிலும் பிறந்தவை. அவற்றின் எச்சங்களைத் தேடுகிறவன் கோடம்பாக்கத்தை மட்டும் சுற்றிக்கொண்டிருந்தால் ஆகாது.

அங்கிருந்து நடந்து காப்பகத்துக்குப் போனேன். அதன் பழைய அலுவலகம் ஜெயகர் பங்களா. புனே பல்கலைக்கழகத்தின் முதல் துணைவேந்தர் எம்.ஆர். ஜெயகரின் பெயரைத் தாங்கிய வீடு. மரப்படிகளும் உயரமான ஜன்னல்களுமாக, ஒரு வக்கீலின் வீடு எப்படி இருக்குமோ அப்படியே இருக்கிறது. இந்த மாதிரி ஒரு வீட்டில் உட்கார்ந்துகொண்டு, தேசம் முழுக்கச் சிதறிக் கிடந்த தகர டப்பாக்களுக்குக் கடிதம் எழுதத் தொடங்கியவர் நாயர்.

அவர் சினிமா எடுக்கத்தான் ஊரைவிட்டுக் கிளம்பினார். திருவனந்தபுரத்துக்காரர், 1933-இல் பிறந்தவர். சின்ன வயதில் மணல் தரையில் உட்கார்ந்து பார்த்து மயங்கிய படங்களில் கே. சுப்ரமண்யத்தின் 'அனந்தசயனம்' உண்டு, 'பக்த பிரகலாதா' உண்டு. சினிமா டிக்கெட்டின் அடிக்கட்டைகளைச் சேர்த்து வைத்த பையன் அவர். பட்டம் வாங்கியதும் பம்பாய்க்குப் போய் மெஹபூப் கான், பிமல் ராய், ரிஷிகேஷ் முகர்ஜி போன்றவர்களோடு இருந்து தொழில் பார்த்தார். தான் இயக்குநராகிற ஆள் இல்லை என்று அங்கேதான் அவருக்குத் தெரிந்தது. இது தெரிந்த பிறகும் பம்பாயிலேயே இருந்து வீணாய்ப் போனவர்கள் எத்தனையோ பேர். இவர் ஃபிலிம்ஸ் டிவிஷனின் ஜீன் பவ்னகரி சொன்ன யோசனையைக் கேட்டு புனேக்கு விண்ணப்பம் போட்டார்.

காப்பகத்தில் என்னை அழைத்துப்போனவர் தலை நரைத்த ஊழியர், மராட்டிக்காரர். அதிகம் பேசவில்லை. நேராகப் படம் பரிசோதிக்கிற மேசைக்குக் கூட்டிப்போய், "முதலில் இதைப் பாருங்கள் சார், மற்றதெல்லாம் அப்புறம்" என்றார்.

மேசையின் இரு பக்கமும் கைப்பிடி வைத்த ரீவைண்டர், நடுவில் கீழிருந்து வெளிச்சம் வருகிற கண்ணாடிப் பலகை. வெள்ளைப் பருத்திக் கையுறையை மாட்டிக்கொண்டு ஒரு ரீலைச் சுற்றத் தொடங்கினார். அவர் படத்தைப் பார்க்கவே இல்லை. கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் சுருளின் ஓரத்தைப் பிடித்தபடி ஓடின. ஓரத்து ஓட்டை கிழிந்திருந்தால் விரலுக்குத் தெரிந்துவிடுமாம். ஒரு ஃபிரேமுக்குப் பக்கத்துக்கு நான்கு ஓட்டை, ஓர் அடிக்குப் பதினாறு ஃபிரேம். ஓரிடத்தில் நிறுத்தி, விரலால் தொடச் சொன்னார். ஓர் ஒட்டு. தடித்து, சற்றே கோணலாக இருந்தது. ஏதோ ஒரு கொட்டகையில் படம் அறுந்து, ஜனங்கள் விசிலடிக்க, ஆபரேட்டர் அவசரமாக ஃபிலிம் சிமெண்ட் தடவி ஒட்டியது. அந்த ஒட்டுக்குள் இரண்டு மூன்று ஃபிரேம்கள் போயிருக்கும். நூறு கொட்டகை சுற்றிய பிரிண்டில் இப்படிப் போனது மட்டுமே பல விநாடிகள் வரும்.

பிறகு பூதக்கண்ணாடியைக் கொடுத்து ஓரத்தைப் படிக்கச் சொன்னார். ஓட்டைகளுக்கு வெளியே பொடி எழுத்துகள். பக்கத்தில் ஒரு சதுரமும் ஒரு முக்கோணமும். கோடக் நிறுவனம் ஃபிலிம் தயாரித்த ஆண்டை இந்தக் குறிகளால் அச்சிட்டு வைத்தது. இருபது ஆண்டுக்கு ஒருமுறை அதே குறிகள் திரும்ப வரும். ஆகவே 1927-ஆ 1947-ஆ என்று தீர்மானிக்கப் படத்துக்குள் பார்க்க வேண்டும்: உடை, தெரு, கார், தலைப்பு அட்டையின் எழுத்து. பெயர் கிழிந்துபோன ஒரு ரீல் என்ன படம் என்று கண்டுபிடிக்கிற வேலை இப்படித்தான் தொடங்குகிறது. இந்த இடத்தில் ஆவணக்காரரும் வரலாற்றாசிரியரும் ஒரே ஆள். நாயர் அப்படி இருந்தார். கொட்டகை இருட்டில் சிறு டார்ச்சை வைத்துக்கொண்டு நோட்டில் குறிப்பெழுதுவார். எந்தக் காட்சி எத்தனையாவது ரீலில் வருகிறது என்று கேட்டால் உடனே சொல்வார் என்பது அவருடைய மாணவர்கள் சொல்லிச் சொல்லி மாளாத விஷயம். நினைவாற்றல் என்று அதை மெச்சுகிறார்கள். இந்த மேசையருகே நின்ற பிறகு எனக்கு அது கைப்பழக்கம் என்றுதான் தோன்றியது. இத்தனை ஆயிரம் அடி விரல் வழியே ஓடினால் எது எங்கே என்று விரலுக்கே தெரிந்துவிடும்.

அடுத்த டப்பாவைத் திறந்ததும் மூக்கைப் பொத்திக்கொண்டேன். சுள்ளென்று வினிகர் நெடி. அசிடேட் ஃபிலிம் கெடத் தொடங்கினால் அசிட்டிக் அமிலத்தை வெளிவிடும், அது பக்கத்து டப்பாவையும் கெடுக்கும். அசிடேட்டுக்கு முந்தியது நைட்ரேட். 1950-ஐ ஒட்டித் தயாரிப்பு நிற்கும்வரை உலகத்தின் கொட்டகைச் சினிமா ஏறக்குறைய முழுவதும் அதில்தான் ஓடியது. அது கெடுகிற விதமே வேறு: முதலில் உருவம் மங்கும், பிறகு சுருள் தேன் போலப் பிசுபிசுத்து ஒன்றோடொன்று ஒட்டும், நுரைக்கும், கடைசியில் பழுப்புத் தூளாக உதிரும். தீப்பிடித்தால் தண்ணீருக்குள்ளும் எரியும், எரிவதற்கு வேண்டிய ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது. இதெல்லாம் போதாதென்று கறுப்பு வெள்ளைப் படத்தில் வெள்ளி வேறு இருந்தது. ஓடி முடிந்த படத்தைக் கரைத்து வெள்ளியை எடுத்து விற்றார்கள். இந்தியாவின் முதல் பேசும் படம் 'ஆலம் ஆரா'வைத் தேடி நாயர் அதன் தயாரிப்பாளர் அர்தேஷிர் இரானியைப் போய்ப் பார்த்திருக்கிறார். ரீல்கள் எங்கோ கிடக்கின்றன என்றாராம் பெரியவர். வெள்ளிக்காக அவற்றைத் தானே தீர்த்துவிட்டதாக மகன் பிற்பாடு ஒப்புக்கொண்டார். அதே இரானியின் கம்பெனியில் அதே 1931-இல் எடுத்ததுதான் நம்முடைய முதல் பேசும் படம் 'காளிதாஸ்'. அதுவும் இல்லை.

கிடங்கின் உள்ளே சில நிமிடங்கள்தான் நிற்க விட்டார்கள். கறுப்பு வெள்ளைக்கு ஒரு குளிர், வண்ணப் படத்துக்கு அதைவிடக் கூடுதல் குளிர், காற்றின் ஈரத்துக்கும் தனிக் கணக்கு. இரும்பு அலமாரிகளில் வரிசை வரிசையாகப் படுக்கை வாட்டில் டப்பாக்கள். பார்க்க ஒன்றுமே இல்லை என்பதுதான் உண்மை. எல்லா டப்பாவும் ஒன்றுபோல இருக்கின்றன. தேசிய விருது வாங்கிய படமும் மூன்றாந்தர ஸ்டண்ட் படமும் அட்டையில் எழுதிய எண்ணால்தான் வேறுபடுகின்றன. நாயர் விரும்பியதும் இதைத்தான். தொடக்கத்தில் நல்ல படங்களைப் பொறுக்கிச் சேர்ப்பதே காப்பகத்தின் நோக்கமாக இருந்தது. போகப்போக அவர் அந்தக் கருத்தைக் கைவிட்டு, ஆவணக்காரனுக்கு ரசனை கூடாது, கிடைப்பதை எல்லாம் வைக்க வேண்டும் என்ற இடத்துக்கு வந்தார். சினிமா ரசனையில் அவரை மிஞ்ச ஆளில்லாத நிலையில் இதைச் சொன்னார் என்பதைக் கவனிக்க வேண்டும்.

அவர் சொன்னது ஏன் சரி என்பதற்கு நான் பார்க்க வந்த படமே சாட்சி. 'மார்த்தாண்ட வர்மா', 1933. தென்னிந்தியாவில் எடுத்த மௌனப் படங்கள் நூற்றுக்கு மேல். இன்று உட்கார்ந்து பார்க்கக் கூடிய கதைப்படம் என்றால் இது ஒன்றைத்தான் சொல்கிறார்கள். தயாரித்தவர் நாகர்கோவில் ஆர். சுந்தரராஜ், இயக்கியவர் பி.வி. ராவ். சி.வி. ராமன் பிள்ளையின் புகழ்பெற்ற நாவல்தான் கதை. திருவனந்தபுரம் கேப்பிட்டல் தியேட்டரில் வெளியான சில நாட்களிலேயே நாவலின் பதிப்பாளர்களான கமலாலயா புக் டெப்போ பதிப்புரிமை வழக்குப் போட்டு நீதிமன்ற உத்தரவோடு படத்தைக் கைப்பற்றிவிட்டது. சுந்தரராஜுக்குப் போட்ட பணம் போயிற்று. படம் புத்தகக் கடைக்காரர்களின் கிட்டங்கியில் போய் அடைந்தது. நாற்பது ஆண்டுகள் கழித்து, 1974-இல், நாயர் அங்கே போய்ப் பேசி அதை மீட்டு இங்கே கொண்டுவந்தார்.

சிறிய அறையில் திரைப்பலகை ஒன்றில் அதை ஓட்டிக் காட்டினார்கள். நல்ல படமா என்று கேட்டால், இல்லை. சண்டைகள் நாடகக் கம்பெனிச் சண்டைகள். ஒட்டுத்தாடிகள் பளிச்சென்று தெரிகின்றன. தலைப்பு அட்டைகள் ஆங்கிலத்திலும் மலையாளத்திலும் வருகின்றன. ஆனால் நடுவில் சித்திரைத் திருநாள் மகாராஜா காலத்து ஆறாட்டு ஊர்வலம் செய்திப்படமாக வருகிறது. கதை நடக்கும் காலத்துக்கும் அதற்கும் இருநூறு ஆண்டு இடைவெளி, அதைப் பற்றி எடுத்தவருக்குக் கவலையில்லை. ஊரார் பார்த்தால் கைதட்டுவார்கள் என்று சேர்த்திருக்கிறார். அந்த ஊர்வலத்தில் தெருவோரம் நிற்கிற ஜனங்கள் ராஜாவை விட்டுவிட்டுக் கேமராவைப் பார்க்கிறார்கள். 1930களின் திருவனந்தபுரத்துத் தெருவில் ஜனங்கள் எப்படி நின்றார்கள், என்ன உடுத்தினார்கள் என்று காட்ட இதைவிட நல்ல சாட்சி வேண்டுமா? படத்தைச் சேர்ப்பதா வேண்டாமா என்று தரம் பார்த்து முடிவெடுக்கிற குழு ஒன்று இருந்திருந்தால் இதைத் தள்ளியிருக்கும்.

இதற்கு ஓர் இணைக்கதை உண்டு. சுந்தரராஜின் உறவினர் ஜே.சி. டேனியல், கன்னியாகுமரிப் பக்கத்து அகஸ்தீஸ்வரத்துக்காரர். மலையாளத்தின் முதல் படம் 'விகதகுமாரன்' அவர் எடுத்தது. 1928-ஆ 1930-ஆ என்று ஆண்டுக்கே இன்னும் வழக்கு இருக்கிறது. அதில் நடித்த பி.கே. ரோஸி தாழ்த்தப்பட்ட சாதிப் பெண் என்பதால் கொட்டகையில் கலவரம் செய்து அவரை ஊரைவிட்டே துரத்தினார்கள். டேனியல் சொத்தெல்லாம் இழந்து பல் மருத்துவராகப் பிழைத்தார். அந்தப் படம் என்ன ஆயிற்று? வீட்டில் கிடந்த சுருளைச் சின்னப் பையனாக இருந்த டேனியலின் மகன் கொளுத்தி விளையாடியிருக்கிறார். அது நீலமாக எரிந்த அழகைப் பார்க்கத்தான் கொளுத்தினேன் என்று வயதான பின் அவரே சொன்னார். நைட்ரேட் அல்லவா, சட்டென்று பற்றிக்கொள்ளும்.

உறவினர் இருவர் எடுத்த படங்கள். அப்பா பத்திரமாக வீட்டில் வைத்தது எரிந்துபோயிற்று. எதிராளி பறித்துக்கொண்டு போனது பிழைத்தது. நன்றாக ஓடிய படங்களின் பிரிண்டுகள் ஓடி ஓடியே தேய்ந்தன, வெள்ளிக்குப் போயின. ஓடாமல் முடங்கியவை சில நேரம் தப்பின. இந்தியாவில் எடுத்த மௌனப் படங்கள் ஆயிரத்து முந்நூறுக்கு மேல் என்று கணக்கு. அதில் முழுசாகவோ துண்டாகவோ இருப்பது இரண்டு மூன்று டஜனைத் தாண்டாது. இந்த மிச்சத்தை வைத்துக்கொண்டுதான் ஆரம்பகால சினிமா இப்படி இருந்தது, அப்படி இருந்தது என்று நாமெல்லாம் எழுதுகிறோம். நாயருக்கு இது தெரிந்திருந்தது. அதனால்தான் முடிவு சொல்வதைவிட இன்னொரு டப்பாவைத் தேடுவதில் அவர் அவசரம் காட்டினார்.

ஃபால்கேயின் 'ராஜா ஹரிச்சந்திரா' கதையைப் பாருங்கள். 1913 மே 3-ஆம் தேதி பம்பாய் கரோனேஷன் தியேட்டரில் வெளியானபோது நான்கு ரீல். நாசிக்கில் ஃபால்கே குடும்பத்தாரைத் தேடிப்போய்ப் பேசி, கிடைத்ததைச் சேர்த்ததில் இன்று இருப்பது முதல் ரீலும் கடைசி ரீலும். அதே வழியில்தான் ஃபால்கேயின் மகள் மந்தாகினி கிருஷ்ணனாக நடித்த 'காளிய மர்தன'மும் வந்து சேர்ந்தது. சரி, நாட்டின் முதல் படம் கிடைத்துவிட்டது என்று எல்லோரும் சந்தோஷப்பட்ட பிறகு, இந்த ரீல்கள் 1913-இல் எடுத்தவையே அல்ல, 1917-இல் ஃபால்கே அதே கதையைத் திரும்ப எடுத்ததன் பகுதி என்று வரலாற்றாசிரியர் வீர்சந்த் தரம்சே வாதிட்டார். வாதம் இன்னும் ஓயவில்லை. என்னுடன் வந்த ஊழியரிடம் கேட்டேன். தோளைக் குலுக்கிவிட்டு, "எதுவாக இருந்தால் என்ன சார், இருக்கிறதே" என்றார். நாயர் பேட்டையில் வளர்ந்த ஆள் என்பது அந்தப் பதிலில் தெரிந்தது.

தேடிச் சேர்த்ததைப் பூட்டி வைக்கிற குணம் நாயரிடம் இல்லை. இதில் அவர் பல ஆவணக்காரர்களிடமிருந்து வேறுபட்டவர். உலகத்து நல்ல படங்களை எல்லாம் இன்ஸ்டிட்யூட் மாணவர்களுக்குப் போட்டுக் காட்டினார். அடூர், ஜான் ஆபிரகாம், கிரீஷ் காசரவள்ளி, நம் பாலு மகேந்திரா என்று அங்கே படித்தவர்கள் பலருக்குக் கண் திறந்தது அப்படித்தான். பேராசிரியர் சதீஷ் பகதூரும் அவரும் கர்நாடகத்து ஹெக்கோடு கிராமத்துக்குப் படங்களைக் கொண்டுபோனார்கள். கே.வி. சுப்பண்ணாவின் நீநாசம் அமைப்பு இருந்த ஊர் அது. பாக்குத் தோட்டத்து விவசாயிகள் 'பைசைக்கிள் தீவ்ஸ்' பார்த்துவிட்டு உட்கார்ந்து விவாதித்தார்கள். சிவேந்திர சிங் துங்கர்பூர் 2012-இல் நாயரைப் பற்றி எடுத்த 'செல்லுலாய்ட் மேன்' படத்தில் அந்தக் கிராமத்துக்காரர்கள் பேசுவதைக் கேட்டால், ஒரு சர்க்கார் அலுவலகத்தால் இவ்வளவு செய்ய முடியுமா என்று பொறாமையாக இருக்கும்.

ஓய்வுக்குப் பிறகு ஊருக்குப் போனவர் மறுபடி புனேக்கே வந்து, 2016 மார்ச் 4-ஆம் தேதி இங்கேதான் காலமானார். அதற்கு முன்னால் ஒரு பெரிய அடியைப் பார்த்தார். 2003 ஜனவரி 8-ஆம் தேதி, இன்ஸ்டிட்யூட் வளாகத்துக் கிடங்கில் வைத்திருந்த நைட்ரேட் சுருள்கள் தீப்பிடித்து ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட ரீல்கள் எரிந்தன. பலவற்றுக்கு நகல் இருந்தது என்று சமாதானம் சொல்லப்பட்டது. நகல் நகல்தான். மூல நெகட்டிவில் இருக்கிற நிழலும் நுணுக்கமும் நகலில் முழுசாக வராது. மறுபக்கம், நகலும் இல்லாவிட்டால் ஒன்றுமில்லை. உதய் சங்கர் மதராஸ் ஜெமினி ஸ்டூடியோவில் எடுத்த 'கல்பனா'வை வெளிநாட்டில் புதுப்பித்து 2012-இல் கான் விழாவில் காட்டினார்களே, அதற்கு ஆதாரம் இந்தக் காப்பகத்தில் இருந்த நகல் நெகட்டிவ்தான்.

இப்போது காப்பகம் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைந்துவிட்டது. மறுசீரமைப்புக்கு முன்னெப்போதும் இல்லாத பணம் வருகிறது, ஸ்கேனர்கள் ஓடுகின்றன. நல்லது. ஆனால் தமிழ்நாட்டில் இப்படி ஓர் இடம் இன்றுவரை இல்லை. 'வீடு', 'சந்தியா ராகம்' படங்களின் நெகட்டிவே இல்லாமல் போனதைச் சொல்லி, நமக்கென்று ஓர் ஆவணக் காப்பகம் வேண்டும் என்று பாலு மகேந்திரா கடைசிவரை மன்றாடினார். அவை 1980களின் படங்கள். அதற்கே இந்தக் கதி என்றால், கீழ்ப்பாக்கத்தில் நடராஜ முதலியார் எடுத்த மௌனப் படம் 'கீசக வதம்' எங்கே போயிருக்கும் என்று கேட்பதில் பொருளில்லை. சினிமாக்காரர்களை முதலமைச்சர்களாக்கிய மாநிலத்துக்கு ஒரு குளிர்சாதனக் கிடங்கு கட்ட மனம் வரவில்லை. இதற்குக் காசு காரணம் என்று யாராவது சொன்னால் நான் நம்ப மாட்டேன்.

கிளம்பும்போது ஊழியரிடம் ஒரு விஷயம் கேட்டேன். எனக்குத் தெரிந்த ஒருவரின் அப்பா டூரிங் டாக்கீஸ் நடத்தியவர். கொட்டகை போய்விட்டது, ஆனால் மாட்டுத் தொழுவத்துப் பரணில் பத்துப் பதினைந்து டப்பாக்கள் துருவேறிக் கிடக்கின்றன, என்ன படம் என்று யாருக்கும் தெரியாது. எடுத்துக்கொள்வீர்களா? அவர் முகம் அப்போதுதான் மலர்ந்தது. எடுத்துக்கொள்வோம், ஆனால் அவசரப்பட்டுப் பஸ்ஸிலோ ரயிலிலோ கொண்டுவந்துவிடாதீர்கள் என்றார். டப்பா ஒட்டியிருந்தால் நெம்பித் திறக்கக் கூடாது. திறந்தால் ஓரத்தைப் பார்க்க வேண்டும். சேஃப்டி என்று எழுதியிருந்தால் பயமில்லை. நைட்ரேட் என்று இருந்தால், அல்லது ஒன்றுமே எழுதாமல் இருந்தால், வெயில் படாத இடத்தில் வைத்துவிட்டு எங்களுக்கு எழுதுங்கள், நாங்கள் வழி சொல்கிறோம். பக்கத்தில் பீடி பிடிக்க யாரையும் விடாதீர்கள். ஒரு தாளில் அலுவலக முகவரியை எழுதிக் கொடுத்தார். அந்த வீட்டுக்காரர் இந்தப் பொங்கலுக்குப் பரணைச் சுத்தம் செய்யப் போவதாகச் சொல்லியிருந்தார். அதற்குள் அவரைப் பிடித்தாக வேண்டும்.